எதையும் தாங்காத சுவர்

1

போன வாரம் என் மகள் மாலதி பள்ளிக்கூடத்திலிருந்து ஒரு வீட்டுப்பாடத்தோடு வந்தாள். 'நாங்கள் எப்படிக் குடியிருக்கிறோம்' என்று ஒரு பக்கம் எழுத வேண்டும். வீட்டில் வேறு மொழி பேசும் பிள்ளைகள், தலைப்பை மட்டும் அந்த மொழியிலும் எழுதி வர வேண்டும். அவளுக்குப் பத்து வயது. பிறந்தது ஜெர்மனியின் ஹனோவரில், வளர்வது இங்கே கார்ல்ஸ்ரூஹேயில். சாப்பாட்டுக்கும் கோபத்துக்கும் மட்டும்தான் அவளிடம் தமிழ் மிச்சம் இருக்கிறது.

"அப்பா, வோனன்-க்குத் தமிழ்ல என்ன?" என்று கேட்டாள்.

வோனன் என்றால் ஒரு வீட்டில் குடியிருப்பது. அதையே சொன்னேன். நீங்களும் அம்மாவும் அப்படிச் சொல்லி நான் கேட்டதே இல்லையே என்றாள். உண்மைதான். யாராவது கேட்டால் 'கார்ல்ஸ்ரூஹேல இருக்கோம்' என்றுதான் நாங்கள் சொல்கிறோம். சரி, 'இருக்கிறோம்' என்றே எழுது என்றேன். அவள் பேனாவைக் கீழே வைத்துவிட்டு, பாதி ஜெர்மனில் கேட்டாள்.

"இருக்குன்னா வேற இல்லையா? நாற்காலி இருக்கு, சோறு இருக்கு, கடவுள் இருக்கார். அதே வார்த்தைதான் வீட்டுக்குமா? தமிழ்ல வார்த்தை பத்தலையா அப்பா?"

சமையலறையிலிருந்து என் மனைவி கமலா சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. இந்த ஒரு சொல்லின் பக்கத்தில் வந்து நிற்பதற்கு எனக்குப் பத்து வருடம் பிடித்தது. அதற்குள் என்னால் ஒரு வீட்டுக்குக் கெடுதல் நேர்ந்துவிட்டது. ஊரில் உள்ளவர்களுக்கு இதை எழுத வேண்டும் என்று பலமுறை நினைத்து, கட்டடக்கலை படித்தவர்களுக்கு மட்டும் உரிய விஷயம் என்று விட்டுவிட்டேன். இப்போது அப்படித் தோன்றவில்லை. எல்லோரும் ஏதோ ஒரு வீட்டில்தானே இருக்கிறோம்.

2

நான் வளர்ந்தது திருவல்லிக்கேணியில் ஓர் ஒண்டுக்குடித்தன வீட்டில். எட்டுக் குடும்பம், ஒரு குழாய், இரண்டு கக்கூஸ். எங்கள் பங்குக்கு ஓர் அறை, அதை ஒட்டி ஒரு சமையல் மூலை. அறைக்கு ஜன்னல் கிடையாது. கதவைத் திறந்தால் நடைவழி. நடைவழி முழுக்க அடுத்த குடித்தனத்தின் அடுப்புப் புகை. அந்த மாதிரி வீடுகளின் ஒற்றுமையைப் பற்றி உருகி எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். என்னால் முடியாது. என் அக்கா சரோஜாவுக்குப் பத்தொன்பது வயதில் காசநோய் வந்தது. டாக்டர் மருந்தை எழுதிக் கொடுத்துவிட்டு, வெளிச்சமும் காற்றும் வருகிற அறையில் படுக்க வையுங்கள் என்றார். அப்பா சீட்டை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, வீடு வரைக்கும் நடந்தார். மருந்து கடையில் கிடைக்கும். அறைக்கு எங்கே போவது? அக்கா ஒன்றரை வருடம் அந்த இருட்டில் கிடந்து இறந்துபோனாள். எனக்கு அப்போது பதினான்கு வயது.

நான் கட்டடக்கலை படித்ததற்கு அதுதான் காரணம். அறுபத்து மூன்றில் உதவித்தொகை கிடைத்து மேல்படிப்புக்கு ஹனோவர் வந்தேன். அங்கே முதல் பாடமே தத்துவத்தில் தொடங்கியது. முந்நூறு வருடங்களுக்கு முன் வாழ்ந்த ஒரு பிரெஞ்சுச் சிந்தனையாளரின் வழிமுறையைப் பேராசிரியர் கரும்பலகையில் எழுதினார். கேள்விப்பட்ட எதையும் நம்பாதே. எதிரே உள்ள சிக்கலை இனிப் பிரிக்க முடியாது என்கிற வரைக்கும் பிரி. பிறகு எளியதிலிருந்து தொடங்கி ஒவ்வொன்றாகக் கூட்டிக்கொண்டு வா. அதை அப்படியே வீட்டுக்குப் பொருத்தினார். வீடு என்ற சொல்லை மறந்துவிடுங்கள், அது பழக்கத்தின் மூட்டை என்றார். மனிதன் தூங்குகிறான், குளிக்கிறான், சமைக்கிறான், சாப்பிடுகிறான். ஒவ்வொன்றுக்கும் எத்தனை அடி, எவ்வளவு வெளிச்சம், எவ்வளவு காற்று என்று அளந்து கூட்டுங்கள். வரும் விடைதான் குடியிருப்பு.

ஜன்னல் என்பது பணக்காரர் வீட்டு அழகு இல்லை, கணக்குப் போட்டு எல்லோருக்கும் பிரித்துக் கொடுக்க வேண்டிய பங்கு என்று அன்றுதான் ஒருவர் எனக்குச் சொன்னார். அந்தக் கணக்கில் சரோஜாவுக்கும் ஒரு ஜன்னல் இருந்தது. அந்தத் தத்துவத்தைக் குறை சொல்பவர்கள் இன்றைக்கு நிறையப் பேர். அதனால்தான் இதை முதலில் சொல்லிவைக்கிறேன்.

3

படிப்பு முடிந்ததும் ஹனோவரிலேயே ஒரு கட்டடக்கலை அலுவலகத்தில் சேர்ந்தேன். நடத்தியவர் ஹெர் மார்ட்டன்ஸ். ஹெர் என்றால் திரு. அறுபது வயதை நெருங்கிக்கொண்டிருந்தவர். பேசும்போது கையில் எப்போதும் ஓர் அளவுகோல் இருக்கும். நகரத்தின் ஓரத்தில் பெரிய குடியிருப்பு ஒன்றை அவர் வடிவமைத்துக்கொண்டிருந்தார். பழைய நகரத்தில் இடிந்தும் இடியாமலும் நின்ற வீடுகளிலிருந்து மக்களை அங்கே மாற்றுவதாகத் திட்டம். சமையலறைகளை என்னிடம் ஒப்படைத்தார்.

ஒரு வருடம் நான் வேறு எதையும் நினைக்கவில்லை. பாத்திரம் கழுவும் இடத்திலிருந்து அடுப்புக்கு எத்தனை எட்டு, அலமாரிக் கதவைத் திறந்தால் முழங்கை எங்கே இடிக்கும் என்று காகிதத்தில் பொம்மை வெட்டி நகர்த்திப் பார்த்தேன். ஆறு சதுர மீட்டர். ஒருவர் நின்று வேலை செய்யலாம். வெளிச்சத்துக்கு வெளிப்பக்கம் ஜன்னல். தாளிக்கிற வாசனை கூடத்துக்குப் போகாமலிருக்க நடுவில் சுவர், அதற்கு ஒரு கதவு. சமைப்பது வேறு, உட்கார்ந்திருப்பது வேறு.

அப்போதுதான் கல்யாணமாகிக் கமலா வந்திருந்தாள். மாதிரி வீட்டைக் காட்டக் கூட்டிப்போனேன். சமையலறைக்குள் நின்று குழாயைத் திறந்து பார்த்தாள், ஜன்னலைத் திறந்து பார்த்தாள். "ரொம்ப க்ளீனா இருக்குங்க. இங்க நின்னா யாரோட பேசறது?" என்று கேட்டாள். பேசுவதற்குக் கூடம் இருக்கிறது என்று விளக்கினேன்.

அந்த வருடங்களில் பல்கலைக்கழகத்தில் காற்று மாறிக்கொண்டிருந்தது. மாணவர்கள் வகுப்பைப் புறக்கணித்து வராந்தாவில் உட்கார்ந்தார்கள். அளந்து கட்டுவது மனிதனையும் அளந்து அடக்குவதற்குத்தான் என்று துண்டுப் பிரசுரம் கொடுத்தார்கள். இன்னொரு பக்கம் வேறொரு கட்டுரை கைக்குக் கை மாறிக்கொண்டிருந்தது. எழுதியவர் ஒரு தத்துவப் பேராசிரியர். குடியிருப்பதற்காகக் கட்டுகிறோம் என்று நினைக்கிறோம், உண்மையில் நாம் பூமியில் குடியிருப்பவர்களாக இருப்பதால்தான் கட்டவே செய்கிறோம் என்பது அவர் வாதம். கட்டுவது, குடியிருப்பது, இருப்பது மூன்றும் பழைய ஜெர்மன் மொழியில் ஒரே வேரிலிருந்து வந்தவை என்று காட்டியிருந்தார். அகராதியை வைத்துக்கொண்டு மூன்று ஞாயிற்றுக்கிழமை படித்தேன். ஏதோ முக்கியமானதாகப் பட்டது. என்ன என்று பிடிபடவில்லை.

ஹெர் மார்ட்டன்ஸிடம் அதைப் பற்றிச் சொன்னேன். அவர் சிரிப்பார் என்று எதிர்பார்த்தேன். சிரிக்கவில்லை. போர் முடிந்த பிறகு ஐந்து வருடம் நாலு குடும்பங்களோடு ஒரு நிலவறையில் இருந்ததைச் சொன்னார். நடுவில் தொங்கிய போர்வைகள்தான் சுவர். பிறகு சொன்னார்: "மண், வேர், வீடு, குடியிருப்பு. இந்த வார்த்தைகளையெல்லாம் என் இளவயதில் ஒலிபெருக்கியில் தினமும் கேட்டேன். கேட்டுக் கேட்டு ஒரு நாடே எரிந்தது. மிஞ்சிய நாங்கள் அளக்க முடிந்ததை மட்டும் நம்புவது என்று முடிவெடுத்தோம். சென்டிமீட்டர் யாரையும் ஏமாற்றியதில்லை, ஹெர் நடராஜன்."

அதற்கு எனக்கு முழுப் பதில் இன்றைக்கும் தெரியாது.

4

குடியிருப்பில் ஆட்கள் வந்து இரண்டு வருடமானபின் அதை நிர்வகித்த வீட்டுவசதி நிறுவனம் ஒரு கணக்கெடுப்பு கேட்டது. ஜெர்மானியச் சகாக்கள் யாருக்கும் வீடு வீடாகப் போக விருப்பமில்லை. என்னை அனுப்பினார்கள். அச்சடித்த கேள்வித்தாள் கையில் இருந்தது. வெப்பம் போதுமா, லிப்ட் ஓடுகிறதா, குப்பைக்குழாய் அடைக்கிறதா. அதற்கெல்லாம் முன்னால், பேச்சைத் தொடங்குவதற்காக, வாய்மொழியாக ஒரு கேள்வி: இங்கே எப்படிக் குடியிருக்கிறீர்கள்? 'வீ வோனன் ஸீ ஹியர்?'

நான் தப்பாகக் கேட்டேன். 'வீ லேபன் ஸீ ஹியர்?' என்று வாய் சொல்லிவிட்டது. லேபன் என்றால் வாழ்வது, உயிரோடிருப்பது. எனக்குள் ஓடியது 'இங்கே எப்படி இருக்கீங்க' என்ற தமிழ்தான். அது வெளியே வரும்போது தவறான கதவைத் திறந்துகொண்டு வந்துவிட்டது. முதல் வீட்டுப் பெண்மணி என்னை மேலும் கீழும் பார்த்தார். பிறகு உள்ளே கூப்பிட்டு உட்காரவைத்து ஒரு மணி நேரம் பேசினார். வெப்பத்தைப் பற்றியோ லிப்டைப் பற்றியோ இல்லை. பழைய தெருவில் தன் ஜன்னலுக்கு எதிரே ரொட்டிக்கடை இருந்ததையும், இங்கே செவ்வாய்க்கிழமை யாரிடமாவது பேசினால் அடுத்து வெள்ளிக்கிழமைதான் பேசுகிறேன் என்பதையும் சொன்னார். மூன்றாவது வீட்டில்தான் என் பிழை எனக்கே தெரிந்தது. நான்காவது வீட்டில் வேண்டுமென்றே அதே பிழையைச் செய்தேன்.

அப்படித்தான் ஹெர் டீட்ஸின் வீட்டுக்கு வந்தேன். டிராம் பணிமனையில் மெக்கானிக்காக இருந்து ஓய்வு பெற்றவர். அவர் மனைவிக்குப் பக்கவாதம் வந்து ஒரு வருடமாகிறது. கூடத்தில் போட்டிருந்த கட்டிலில் அந்த அம்மாள் சாய்ந்திருந்தார். வலது பக்கம் அசைவில்லை, பேச்சும் சரியாக வரவில்லை. நான் கேட்ட கேள்விக்கு ஹெர் டீட்ஸ் வாயால் பதில் சொல்லவில்லை. கையால் காட்டினார்.

கூடத்துக்கும் சமையலறைக்கும் நடுவே நான் வைத்திருந்த சுவரில் ஒரு பெரிய துளை. ஜன்னல் அளவுக்கு வெட்டி, விளிம்பில் இழைத்த மரச்சட்டம் பொருத்தி, மெருகும் பூசியிருந்தார். அவர் சமைக்கப் போனால் அவளால் கூப்பிட முடியாது. சத்தம் வராது. ஒருநாள் அவள் கட்டிலிலிருந்து சரிந்து கால் மணி நேரம் தரையில் கிடந்திருக்கிறாள். சுவருக்கு அந்தப் பக்கம் அவர் உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்திருக்கிறார். மறுநாளே ரம்பம் எடுத்துவிட்டார்.

"இப்போது கையைத் தூக்கினாலே போதும், எனக்குத் தெரியும்" என்றார். "இந்தச் சமையலறையை வரைந்த மனிதர் தனியாக இருப்பவராக இருக்க வேண்டும்."

வரைந்தது நான்தான் என்று சொல்லவில்லை. காபி குடித்துவிட்டு, கேள்வித்தாளில் 'குறை எதுவும் இல்லை' என்று குறித்துக்கொண்டு வந்துவிட்டேன்.

5

ஆனால் வேறு யாரோ நிறுவனத்துக்குச் சொல்லிவிட்டார்கள். அனுமதியில்லாமல் சுவரை உடைத்ததற்காக அவருக்குக் கடிதம் போயிற்று: பழையபடி அடைக்க வேண்டும், இல்லாவிட்டால் வீட்டைக் காலி செய்ய வேண்டும். அவர் மறுத்தார். நிறுவனம் எங்கள் அலுவலகத்திடம் தொழில்நுட்பக் கருத்து கேட்டது. அந்தச் சுவர் கட்டடத்தின் பாரத்தைத் தாங்குகிறதா?

தாங்கவில்லை. எட்டு சென்டிமீட்டர் ஜிப்சம் தடுப்பு அது. தன் சொந்தக் கனத்தைத் தவிர வேறு எதையும் தாங்காத சுவர். அதை என்னைவிட நன்றாக அறிந்தவர் உலகத்தில் கிடையாது.

ஹெர் மார்ட்டன்ஸ் என்னைக் கூப்பிட்டார். பொய் எழுதச் சொல்லவில்லை. இதை அவருக்கு நியாயம் செய்வதற்காகச் சொல்கிறேன். நிறுவனத்தின் அடுத்த குடியிருப்பும் நமக்குத்தான் வரப்போகிறது என்றார். ஒருவருக்கு விட்டால் ஒவ்வொருவரும் ரம்பத்தோடு கிளம்புவார்கள், எந்தச் சுவர் எதைத் தாங்குகிறது என்று அவர்களுக்கு எப்படித் தெரியும் என்றார். கடைசியில், "எச்சரிக்கையாக எழுதுங்கள்" என்றார். அவ்வளவுதான்.

அந்த மாதம்தான் என் தங்கும் அனுமதி முடிகிறது. இதை ஊரில் உள்ளவர்களுக்கு விளக்கிச் சொல்ல வேண்டும். இங்கே எங்களைப் போன்றவர்கள் இருப்பதற்கு ஒரு தாள் வேண்டும். அந்தத் தாளுக்கு வேலை வேண்டும், வேலைக்கு இன்னொரு தாள் வேண்டும். ஒன்று போனால் வரிசையாக எல்லாம் போகும். வெளிநாட்டவர் அலுவலகத்தின் விண்ணப்பத்தில் 'தங்குவதன் நோக்கம்' என்று ஒரு கட்டம் உண்டு. பெயருக்குக் கீழே, முகவரிக்கு மேலே. ஒவ்வோர் அறைக்கும் ஒரு நோக்கம் எழுதி வரைந்தவன் நான். ஒவ்வொரு வருடமும் அந்தக் கட்டத்தில் 'வேலை' என்று எழுதும்போது எனக்கும் ஓர் அறை வரையப்பட்டிருக்கிறது என்று தோன்றும். சும்மா இருக்கிறேன் என்று அதில் எழுத முடியாது.

கமலாவிடம் சொன்னேன். அவள் மாலதிக்குத் தலை பின்னிக்கொண்டிருந்தாள். நான் எந்த வார்த்தையைப் போடப்போகிறேன் என்று கேட்டாள். ஜெர்மனில் 'கான்' என்று ஒரு சொல், தமிழில் 'கூடும்' என்றேன். சுவரை உடைத்தது கட்டடத்தின் உறுதியைப் பாதிக்கக்கூடும்.

"பாதிக்குமா?"

"பாதிக்காது."

அவள் பின்னலை முடித்து ரிப்பன் கட்டினாள். "குழந்தையை இப்பதான் கிண்டர்கார்டன்ல சேர்த்திருக்கு. போட்டுடுங்க" என்றாள். என் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள். அவளைக் குற்றம் சொல்வதற்காக இதை எழுதவில்லை. அவள் சொல்லாவிட்டாலும் நான் போட்டிருப்பேன்.

போட்டேன். ஹெர் மார்ட்டன்ஸ் படித்துவிட்டுத் தலையசைத்தார். இரண்டு வாரத்தில் என் அனுமதி இன்னொரு வருடத்துக்குப் புதுப்பிக்கப்பட்டு வந்தது.

6

பிப்ரவரியில் ஒருநாள் வேலை முடிந்து டிராமில் வந்துகொண்டிருந்தேன். பனி பெய்து உருகி ஜன்னலெல்லாம் சேறு. பக்கத்து இருக்கையில் ஒருவர் தொப்பியைக் கழற்றி வணக்கம் சொன்னார். ஹெர் டீட்ஸ்.

அவர் மெலிந்திருந்தார். முதியோர் இல்லத்துக்குப் போய்விட்டு வருகிறேன் என்றார். டிசம்பரில் சுவரை அடைத்துவிட்டார். கட்டடம் ஆடும் என்று எழுதியிருக்கும்போது மேல்மாடிக்காரர்களை நினைக்காமல் இருக்க முடியுமா என்று கேட்டார். அடைத்த பிறகு அவரால் சமையலறையில் ஐந்து நிமிடம் சேர்ந்தாற்போல நிற்க முடியவில்லை. கூடத்துக்கும் அடுப்புக்குமாக ஓடி, ஒருமுறை பால் பொங்கி அடுப்பு அணைந்தது, ஒருமுறை அவர் தடுக்கி விழுந்தார். பொங்கலுக்குப் பக்கத்தில், அதாவது ஜனவரி நடுவில், மருத்துவரே சொல்லி மனைவியை இல்லத்தில் சேர்த்துவிட்டார்கள். அங்கே அவள் யாரையும் பார்த்துக் கையைத் தூக்குவதில்லை என்றார்.

பிறகு என் முழங்கையைத் தொட்டார். "உங்கள் அலுவலகத்தில் யாரோ அப்படி எழுதிவிட்டார்கள். உங்களுக்கு வருத்தமாக இருந்திருக்கும் என்று அவளிடம் சொன்னேன். எப்படி வாழ்கிறீர்கள் என்று எங்களைக் கேட்டவர் நீங்கள் ஒருவர்தான்."

டிராம் ஒரு நிறுத்தத்தில் நின்று கிளம்பியது.

"எழுதினது நான்தான், ஹெர் டீட்ஸ்" என்றேன். "அந்தச் சுவர் எதையும் தாங்கவில்லை. எனக்கு அது தெரியும். சமையலறையை வரைந்ததும் நான்தான்."

அவர் கையை எடுத்துக்கொண்டார். என்னைத் திட்டவில்லை. அடுத்த நிறுத்தத்தில் எழுந்து இறங்கிவிட்டார். அது அவர் இறங்க வேண்டிய இடம் இல்லை. வண்டி நகர்ந்தபோது, அடுத்த டிராமுக்காகப் பனியில் நின்றுகொண்டிருந்தவரைப் பின்பக்கக் கண்ணாடியில் பார்த்தேன்.

வீட்டுக்கு வந்ததும் கமலாவிடம் நடந்ததைச் சொன்னேன். நிறுவனத்துக்கு உண்மையை எழுதப்போகிறேன் என்றும் சொன்னேன். அவள் அடுப்பை அணைத்துவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தாள். நாங்கள் ஊருக்குத் திரும்ப நேர்ந்தால் எவ்வளவு நாளில் வேலை கிடைக்கும் என்று கேட்டாள். தெரியாது என்றேன். "சரி, எழுதுங்க" என்றாள்.

அன்று இரவு கடிதம் எழுத உட்கார்ந்த மேசையில்தான், மூன்று ஞாயிற்றுக்கிழமை படித்தும் பிடிபடாமல் போன கட்டுரை எனக்குப் பிடிபட்டது. பேராசிரியர் பழஞ்சொற்களைத் தோண்டி எடுத்துக் காட்டியதை என் அம்மா ஒவ்வொரு கடிதத்தின் முதல் வரியிலும் எழுதிக்கொண்டிருந்தார்: அங்கே எப்படி இருக்கிறாய்? எந்த வீடு என்றும், உடம்பு எப்படி என்றும், மனசு எப்படி என்றும், இன்னும் இருக்கிறாயா என்றும் நான்கையும் அந்த ஒரே சொல் கேட்டது. ஃப்ராவ் டீட்ஸ், அதாவது திருமதி டீட்ஸ், அந்தச் சுவரின் ஓட்டை வழியாகத்தான் இருந்தார். அதை அடைத்தபோது அவருக்கு வெளிச்சம் குறையவில்லை, காற்றும் குறையவில்லை, ஒரு சென்டிமீட்டர் இடமும் குறையவில்லை. என் கணக்கில் எதுவுமே குறையவில்லை.

7

திருத்தக் கடிதத்தை இரண்டு பிரதி எடுத்தேன். ஒன்றை வீட்டுவசதி நிறுவனத்துக்குத் தபாலில் போட்டுவிட்டு, மற்றதை ஹெர் மார்ட்டன்ஸின் மேசையில் வைத்தேன். முதல் கருத்தில் நான் எழுதியது தவறு, அந்தச் சுவர் பாரம் தாங்குவதல்ல, தவறுக்கு நான் மட்டுமே பொறுப்பு என்று நான்கு வரி.

அவர் அதை இருமுறை படித்தார். அனுப்பிவிட்டீர்களா என்று கேட்டார். அனுப்பிவிட்டேன் என்றேன். எழுந்து ஜன்னல் பக்கம் போய் நின்றார்.

"நிலவறையில் போர்வைக்கு அந்தப் பக்கம் ஒரு கிழவர் இரவெல்லாம் இருமுவார்" என்றார். "ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு சுவர் கிடைத்தால் போதும் என்று நினைத்தேன். வேறு எதையும் அப்போது நினைக்க முடியவில்லை."

நான் என் அக்காவைப் பற்றி அன்றுதான் அவரிடம் சொன்னேன். ஜன்னல் இல்லாத அறையைப் பற்றி. ஏழு வருடம் ஒரே அறையில் வேலை செய்திருக்கிறோம், ஒருவருக்கொருவர் எதிலிருந்து ஓடி வந்தோம் என்று அதுவரை பேசிக்கொண்டதில்லை. அவர் கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு, என்னை வைத்துக்கொள்ள முடியாது என்றார். நிறுவனம் பொறுத்துக்கொள்ளாது. அது எனக்குத் தெரிந்ததுதான். ஆனால் வேலை நீக்கக் கடிதத்தை அவர் அன்று எழுதவில்லை. என் அனுமதி முடியும் மாதத்தைக் கேட்டுத் தெரிந்துகொண்டு, அதற்கு முன்னால் நான் வேறு இடம் தேடிக்கொள்ளும்படி வருடக் கடைசித் தேதியைப் போட்டுக் கொடுத்தார். கூடவே ஒரு பரிந்துரைக் கடிதம். 'இவர் அளவுகளில் பிழை செய்வதில்லை' என்று அதில் இருந்தது. அந்தக் கடிதத்தால்தான் கார்ல்ஸ்ரூஹேயில் வேலை கிடைத்தது. பழைய வீடுகளை இடிக்காமல் பழுது பார்க்கிற சிறிய அலுவலகம். பென்சிலை எடுப்பதற்கு முன் அந்த வீட்டில் இருப்பவர்களிடம் போய்ப் பேசுகிறோம். இப்போது அதற்கும் ஒரு தத்துவப் பெயர் வைத்திருக்கிறார்கள், கருத்தரங்கம் நடத்துகிறார்கள். சில கூட்டங்களில் நானும் பேசியிருக்கிறேன். டீட்ஸ் வீட்டைப் பற்றி ஒருமுறையும் சொன்னதில்லை.

8

நிறுவனத்திலிருந்து ஹெர் டீட்ஸுக்கு ஏப்ரலில் இரண்டு வரிக் கடிதம் போயிற்று: சுவர் தொடர்பான கோரிக்கையைத் திரும்பப் பெறுகிறோம். அதற்கு மூன்று வாரம் முன்னால் ஃப்ராவ் டீட்ஸ் இல்லத்திலேயே இறந்துபோயிருந்தார். இதை நான் அறிந்தது மே மாதம், ஹெர் டீட்ஸிடமிருந்து வந்த ஒரு தபால் அட்டையில். சனிக்கிழமை காலை வர முடியுமா என்று கேட்டிருந்தார். எதற்கென்று எழுதவில்லை.

கமலா தானும் வருகிறேன் என்றாள். வேண்டாம் என்று சொல்லித் தனியாகப் போனேன். என்னைத் திட்டுவதற்குத்தான் கூப்பிட்டிருக்கிறார் என்று நினைத்தேன். அப்படித் திட்டினால் நன்றாக இருக்கும் என்றும் நினைத்தேன்.

கதவைத் திறந்தவரின் சட்டையெல்லாம் வெள்ளைத் தூள். அடைத்த இடத்தை மறுபடி அறுத்துக்கொண்டிருந்தார். பாதி முடிந்திருந்தது. கட்டில் இன்னும் கூடத்திலேயே கிடந்தது, விரிப்பு மடித்து வைக்கப்பட்டிருந்தது. உடைந்த கட்டிகளை நான் வாளியில் அள்ளிக் கீழே கொண்டுபோய்க் கொட்டினேன். நாலு நடை. லிப்டில் ஏறி இறங்கியபோது யாரும் என்னை எதுவும் கேட்கவில்லை. ஒரு மணி நேரத்தில் பழைய ஓட்டை திரும்ப வந்துவிட்டது. கழற்றி வைத்திருந்த மரச்சட்டத்தை அவர் பொருத்தினார். அது கச்சிதமாக உட்கார்ந்தது.

வேலை முடிந்ததும் அவர் கையைத் துடைத்துக்கொண்டு, என்னைச் சமையலறைக்குள் போய் நிற்கச் சொன்னார். அடுப்புக்கு முன்னால், தான் வழக்கமாக நிற்கிற இடத்தில். போய் நின்றேன். நான் காகிதப் பொம்மையை வைத்து அளந்த அதே இடம்.

அவர் கட்டிலில் உட்கார்ந்தார். பிறகு காலைத் தூக்கி மேலே வைத்து, தலையணையை முதுகுக்குக் கொடுத்து, மனைவி சாய்ந்திருந்த மாதிரியே சாய்ந்தார். அந்தப் பக்கத்திலிருந்து அவர் ஒருபோதும் பார்த்ததில்லை. எப்போதும் சமையலறையில் நின்றவர் அவர்.

அங்கிருந்து என்னைப் பார்த்தார். கீழே எங்கோ குப்பைவண்டி பின்னால் போகிற சத்தம் கேட்டது.

"நான் என்ன சமைக்கிறேன் என்று பார்க்கிறாள் என்றே நினைத்துக்கொண்டிருந்தேன்" என்றார். "இங்கிருந்து அடுப்பு தெரியவில்லை. முகம் மட்டும்தான் தெரிகிறது."

நான் முகத்தைத் திருப்பாமல் அப்படியே நின்றேன்.